மீதி இரண்டு சக்கரம்

வரதட்சணை வழக்கு என்றால் போலீஸ் சாட்சி தேடி அலைய வேண்டியிருக்கும் என்பார்கள். என் விஷயத்தில் அந்தக் கஷ்டமே யாருக்கும் வரவில்லை. எனக்கு எதிரான சாட்சியை மண்டபம் நிறைய ஆட்களை வைத்துக்கொண்டு, என் வாயால், என்னுடைய சொந்த மைக்கில் நானே பேசிப் பதிவு செய்து கொடுத்திருந்தேன். ஆம்ப்ளிஃபயரும் என்னுடையதுதான். எக்கோ கூட்டி வைத்ததும் நான்தான். வாடகைகூட வாங்கவில்லை.

அப்படிப்பட்ட புத்திசாலி எழுதுகிற சாட்சி இது. பொறுமையாக வாசியுங்கள்.

என் பெயர் வில்சன். திருவட்டாறு பக்கத்தில் மைக் செட் கடை வைத்திருக்கிறேன். கல்யாணம், கன்வென்ஷன் ஜெபக்கூட்டம், கோவில் கொடை, சாவு விழுந்த துட்டி வீடு, எதுவானாலும் என் பாக்ஸ்தான் நிற்கும். செட் கட்ட வந்தவன் செட்டோடு நிற்க வேண்டாமா? எனக்கு அது முடியாது. "மைக் டெஸ்டிங்" என்று ஆரம்பித்தால் நாலு தமாஷ் சொல்லாமல் கீழே வைக்க மாட்டேன். சபையாருக்கு இது தெரியும். சிலர் என்னைக் கண்டாலே சிரிக்கத் தயாராக வாயைத் திறந்து வைத்துக்கொள்வார்கள்.

இந்தச் சாட்சியைப் போன அறுப்பின் பண்டிகையன்று ஆலயத்தில் ஒரு தடவை சொன்னேன். வழக்கு ரத்தான புதிது. சபை சிரித்தது, கை தட்டியது, ஸ்தோத்திரம் சொன்னது. நான் சொன்னதில் பொய் இல்லை. ஆனால் பாதிதான் சொன்னேன். சபை இதழில் எழுதித் தாரும் என்று போதகர் கேட்டபோது, மீதியையும் சேர்த்துத்தான் எழுதுவேன் என்றேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "எழுதும்" என்றார்.

துன்பம் போனில் வந்தது. கன்வென்ஷன் பந்தலுக்காக ஒரு தென்னையில் ஹாரன் கட்டிக்கொண்டிருந்தேன். ஏணியில் நிற்கும்போதே பாக்கெட்டில் போன் அடித்தது. மகளிர் காவல் நிலையம் என்றார்கள். விழிப்புணர்வுக் கூட்டத்துக்கு செட் கேட்கிறார்கள் என்று நினைத்தேன்.

"மேடம், ரெண்டு பாக்ஸ் போதுமா, ஹாரனும் வேணுமா?"

"மைக்கு ஒண்ணும் வேண்டாம். நீரு வந்தா போதும். வரும்போ வீட்டுக்காரியையும் கூட்டிக்கிட்டு வாரும்."

ஏணியை விட்டு எப்படி இறங்கினேன் என்று தெரியவில்லை.

புகார் கொடுத்தது என் மருமகள் ஷைனி. எனக்கு ஒரே மகன் ஜெபின். துபாயில் வேலை. அவனுக்கு அவளைக் கட்டி இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. வரதட்சணையாகக் கார் கேட்டோம், கேட்டுக் கேட்டு மனதை நோகடித்தோம் என்று புகார். முதல் எதிரி என் மகன். இரண்டாம் எதிரி நான். மூன்றாம் எதிரி என் மனைவி லீலா. பெண்கள் ஐக்கிய சங்கத்தில் வருஷக்கணக்காகக் காரியதரிசியாக இருந்தவள், ஸ்டேஷனில் "மூணாம் எதிரி" என்று கூப்பிட்டபோது எழுந்து நின்றாள். அந்தக் காட்சியை நான் சாகும்வரை மறக்க மாட்டேன்.

முன்ஜாமீன் கிடைத்தது. தினமும் ஸ்டேஷனில் போய்க் கையெழுத்துப் போட வேண்டும். நானும் லீலாவும் ஒரே பஸ்ஸில் போவோம். தெரிந்தவர்கள் ஏறினால் லீலா முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொள்வாள். ஜெபின் லீவு போட்டு வரப் பயந்தான். வந்தால் திரும்பிப் போக முடியுமா என்று அவனுக்கும் தெரியவில்லை, எங்களுக்கும் தெரியவில்லை. கல்யாண ஆர்டர்கள் ஒவ்வொன்றாக நின்றன. வரதட்சணைக் கேஸ்காரனைக் கூப்பிட்டுக் கல்யாணத்தில் மைக் பேச விடுவார்களா? கன்வென்ஷன் கமிட்டிகூட, "இந்தத் தடவை வேற செட்டு பாத்தோம் வில்சா, நீ ஒண்ணும் நெனைக்கண்டாம்" என்றது. நான் ஒன்றும் நினைக்காமல் இருக்கப் பார்த்தேன். முடியவில்லை.

ஜெபத்தில் நான் அப்படியொன்றும் பேர் வாங்கியவன் அல்ல. வீட்டு ஜெபத்தில் எல்லோருக்கும் முன்னால் ஆமென் சொல்லிவிட்டுப் புட்டுக் குழலைத் திறந்து பார்ப்பவன். அந்த நாட்களில்தான் முழங்காலில் நிற்கப் படித்தேன். லீலா வெள்ளிக்கிழமைதோறும் உபவாசம் இருந்தாள். நான் பக்கத்தில் நின்று ஒரே ஜெபத்தைத் திரும்பத் திரும்பச் சொல்வேன்.

"ஆண்டவரே, நாங்க ஒண்ணும் கேக்கல்லியே. ஒமக்குத் தெரியுமே. அந்தப் பிள்ளை சொல்லுதது பொய்யின்னு காட்டித் தாரும்."

ஒன்றும் கேட்கவில்லை என்றது உண்மை. எப்படிக் கேட்காமல் இருந்தேன் என்பதைச் சொல்ல வேண்டும்.

குளச்சல் பக்கம் ஷைனியின் வீடு. அவள் அப்பா யேசுவடியான், வீட்டுக்குப் பின்னால் கொஞ்சம் தென்னந்தோப்பு வைத்து வாழ்ந்த சாதுவான மனுஷன். பேசி முடிக்கப் போனோம். சாயா வந்தது, ஏத்தங்காய் சிப்ஸ் வந்தது. அவர் துண்டை மடியில் வைத்துக்கொண்டு கேட்டார்.

"எங்க பக்கம் என்ன எதிர்பாக்கிய? தெறந்து சொல்லணும்."

"எங்களுக்கு ஒண்ணும் வேண்டாம் சம்பந்தி" என்றேன். அதோடு வாயை மூடியிருக்கலாம். மூடவில்லை. "ஒங்க பிள்ளைக்கு ஒங்க விருப்பம்போல செய்யுங்க."

நம்முடைய ஜில்லாவில் இந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று இதை வாசிக்கிற யாருக்கும் நான் விளக்க வேண்டியதில்லை. இத்தனை பவுன், இன்ன வண்டி என்று கேட்கிறவனிடம் பேரம் பேசலாம், முடியாது என்று எழுந்து போகலாம். விருப்பம்போல செய்யுங்க என்கிறவனிடம் என்ன பேச முடியும்? எவ்வளவு செய்தாலும் இது போதுமா, போதாதா என்ற பயம் பெண்ணைப் பெற்றவனுக்குப் போகாது. அது எனக்குத் தெரியும். என் தங்கையைக் கட்டிக் கொடுக்கும்போது என் அப்பாவிடமும் ஒருவர் இப்படித்தான் சொன்னார். அன்றைக்கு அப்பா முகத்தைப் பார்த்தவன் நான். ஆனாலும் என் முறை வந்தபோது அதே வார்த்தை அப்படியே வந்தது. ஒன்றும் கேட்காத நல்ல மனுஷன் என்று பேரும் வாங்கினேன்.

ஆலயத்தில் கல்யாண ஓலை வாசித்தார்கள். யாருக்காவது ஆட்சேபணை உண்டா என்று போதகர் ஒவ்வொரு ஞாயிறும் கேட்டார். யாருக்கும் இல்லை. கல்யாணம் நடந்தது. யேசுவடியான் நகையெல்லாம் போட்டு, பிள்ளைகளுக்கு ஒரு புது ஸ்கூட்டரும் வாங்கி மண்டப வாசலில் மாலை போட்டு நிறுத்தியிருந்தார்.

வரவேற்பில் மைக் என் கையில். சும்மா இருப்பேனா?

"மாப்பிள்ளைக்கு மாமனார் வண்டி வாங்கித் தந்திருக்காரு. எல்லாரும் வாசல்ல பாத்திருப்பிய. ரெண்டு சக்கரம் வந்தாச்சு. மீதி ரெண்டு சக்கரம் பின்னால வருது!"

மண்டபம் குலுங்கிச் சிரித்தது. அவ்வளவு சிரிப்பு எனக்கு அதற்கு முன்னால் கிடைத்ததில்லை. அதுதான் கெடுதலாகப் போயிற்று. ஒரு தமாஷுக்கு நல்ல சிரிப்பு விழுந்தால் அதை விடுகிற பழக்கம் எனக்குக் கிடையாது. ஜெபின் துபாய்க்குத் திரும்பின பிறகு ஷைனி எங்களோடு இருந்தாள். காலையில் அவள் சாயா கொண்டு வருவாள். வாசல் கேட் பக்கம் ஏதாவது வண்டிச் சத்தம் கேட்டால் போதும்.

"ஏட்டி ஷைனி, எட்டிப் பாரு. மீதி ரெண்டு சக்கரம் வந்தாச்சா?"

பால்காரன் வந்தாலும் கேட்பேன். கேஸ் சிலிண்டர் வண்டி வந்தாலும் கேட்பேன். விருந்துக்கு ஆள் வந்தால் அவர்கள் முன்னாலும் கேட்பேன். அவள் டம்ளரை வைத்துவிட்டு உள்ளே போவாள். அவளும் சிரித்துக்கொண்டுதான் போகிறாள் என்று நினைத்திருந்தேன்.

ஒரு நாள் காலையில் அவள் உள்ளே போகவில்லை. நான் புட்டும் பயறும் தின்றுகொண்டிருந்தேன். மேஜைப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"மாமா, அப்பா தோப்ப விக்கப் போறாரு. கார் வாங்கதுக்காம். அம்மா போன்ல அழுதா. நீங்க அப்பாவைக் கூப்பிட்டு வேண்டாம்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. நீங்க சொன்னாத்தான் அவரு கேப்பாரு."

நான் என்ன சொன்னேன் தெரியுமா?

"என்ன கலருன்னு கேளு பிள்ளே. வெள்ளை வேண்டாம், அழுக்கு தெரியும்."

லீலாகூடச் சிரித்துவிட்டாள். ஷைனி அறைக்குள் போய் ஜெபினுக்குப் போன் செய்தாள். அவன், "அப்பா தமாஷுக்குல்லா சொல்லுதாரு, நீ ஏன் அத பெருசாக்குத?" என்று சொன்னானாம். மத்தியானத்துக்குள் அவள் ஒரு பையோடு வெளியே வந்து, அந்த ஸ்கூட்டரை ஸ்டார்ட் செய்து போய்விட்டாள். கோபம் தணிந்தால் வருவாள் என்று இருந்தோம். புகார்தான் வந்தது.

வழக்கை ரத்து செய்யச் சொல்லி மதுரை ஐகோர்ட்டில் மனுப் போடலாம் என்று வக்கீல் சொன்னார். அவர்கள் பக்கம் கல்யாண வீடியோவைக் கொடுத்திருப்பதால், அதை ஒரு தடவை பார்த்துவிடுவோம் என்று கூப்பிட்டார். நாகர்கோவிலில் அவருடைய ஆபீஸ். கம்ப்யூட்டரில் போட்டார். நான் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து பார்த்தேன்.

அந்த வீடியோவை வீட்டில் பல தடவை பார்த்திருக்கிறேன். பார்த்தபோதெல்லாம் என்னைத்தான் பார்த்திருக்கிறேன். என் வாய், என் கையில் மைக், எங்கே நிறுத்துகிறேன், எங்கே சிரிப்பு விழுகிறது. அன்றைக்கு வக்கீல் ஒரு இடத்தை மறுபடியும் ஓட்டிக் காட்டினார். நான் சிரிக்க வைத்து முடித்த இடம். எனக்குப் பின்னால் மேடையில் ஷைனி. தலை குனிந்திருந்தாள். கையில் இருந்த பூச்செண்டில் ஒரு இதழைப் பிய்த்துக்கொண்டிருந்தாள். மேடைக்குக் கீழே முன்வரிசையில் யேசுவடியான். எல்லோரும் கை தட்டினார்கள், அவரும் தட்டினார். தட்டிக்கொண்டே மகளைப் பார்த்தார். அப்படி ஒரு முகத்தை நான் ஏற்கெனவே ஒரு தடவை பார்த்திருக்கிறேன். என் அப்பா முகம்.

வக்கீல் சந்தோஷமாக இருந்தார். "பயப்படாதீங்க. இது வெறும் ஜோக்கு. ஜோக்கு சொன்னது கேட்டதாகாது. எங்கயும் நீங்க காரு வேணும்னு கேக்கல்ல. அவங்களே பேசி முடிக்கையில ஒண்ணும் வேண்டாம்னு சொன்னீங்கன்னு வாக்குமூலத்துல சொல்லியிருக்காங்க. நாம ஜெயிப்போம்."

எனக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. பஸ்ஸில் திரும்பி வரும்போது ஒரு விஷயம் ஞாபகம் வந்தது. அதை அதுவரை யாரிடமும் சொன்னதில்லை. லீலாவிடம்கூட இல்லை. ஷைனி வந்து சில மாதத்தில் ஒரு நாள், வீட்டில் யாரும் இல்லாதபோது, முற்றத்தில் ஒரு கார் நிற்க இடம் போதுமா என்று காலடி வைத்து அளந்து பார்த்தேன். முருங்கையை வெட்டினால் போதும் என்று கணக்கும் போட்டேன்.

அது தமாஷ் இல்லை அல்லவா? அப்போது சிரிக்க அங்கே ஒருவரும் இல்லை.

அந்த வெள்ளிக்கிழமை முழங்காலில் நின்றேன். வழக்கமான ஜெபத்தைச் சொல்ல முடியவில்லை. அந்தப் பிள்ளை சொல்லுதது பொய்யின்னு காட்டும் என்று எப்படிக் கேட்பேன்? காட்டினால் எதைக் காட்டுவார்? முற்றத்தைக் காட்டினால்? என் சத்தம் கேட்காததால் லீலா கண்ணைத் திறந்து பார்த்தாள். கடைசியில் இரண்டே வரிதான் வந்தது. "லீலாவையும் எனக்க மகனையும் காப்பாத்தும் ஆண்டவரே. நான் பாக்காம விட்டதை என்னப் பாக்க வையும்."

இரண்டையும் ஆண்டவர் கேட்டார். அதைச் சொல்லத்தான் இந்தச் சாட்சி.

முதலாவது பெரிய சத்தத்தோடு வந்தது. வக்கீல் மதுரையில் இருந்து போன் செய்தார். குறிப்பாக எதுவும் கேட்டதாகக் காட்டப்படவில்லை, பொதுவான குற்றச்சாட்டுகள்தான், தமாஷாகப் பேசியதைக் கேட்டதாக எடுக்க முடியாது, வழக்கு ரத்து என்று ஐகோர்ட் சொல்லிவிட்டதாம். லீலா அடுக்களையில் தரையில் உட்கார்ந்து அழுதாள். ஸ்டேஷனுக்குப் போக வேண்டாம். பஸ்ஸில் முகத்தைத் திருப்ப வேண்டாம். அடுத்த ஞாயிறு அவள் பாடகர் குழுவில் பழைய இடத்தில் போய் நின்றாள். ஆண்டவர் செய்த நன்மைக்கு நான் எப்படி நன்றி சொல்லாமல் இருப்பேன்? முழு மனதோடு சொல்கிறேன். ஆயுசு முழுக்கச் சொல்வேன்.

ஆனால் அறுப்பின் பண்டிகையில் மைக்கைப் பிடித்து நான் சொன்ன சாட்சி இருக்கிறதே, அதில் நான்தான் நீதிமான். சத்துருக்கள் வெட்கப்பட்டார்கள். ஏணிக் கதை, ஸ்டேஷன் கதை எல்லாம் சொல்லிச் சிரிக்க வைத்தேன். முடிந்து வீட்டுக்கு நடந்து வரும்போது லீலா கேட்டாள்.

"அந்தப் பிள்ளைக்கும் ஒரு சபை உண்டுல்லா? அவ அங்கன போயி என்ன சாட்சி சொல்லுவா?"



இரண்டாவது ஜெபம் அப்படித்தான் சத்தமில்லாமல், கொஞ்சம் கொஞ்சமாக நிறைவேற ஆரம்பித்தது. ஜெபின் லீவில் வந்தான். கல்யாணம் முறிந்துதான் போயிற்று, இரண்டு பேரும் ஒத்துப் பிரிந்துகொண்டார்கள். ஒரு நாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது என்னைப் பார்க்காமல் சொன்னான். "நான் அன்னைக்கு அவ பக்கம் நின்னிருக்கணும்பா. ஒங்க தமாஷு பக்கம் நின்னுட்டேன்." அவன் தட்டில் அன்றைக்குச் சோறு அப்படியே இருந்தது. அதையும் நான் பார்த்தேன்.

இப்போது மறுபடியும் கல்யாணங்களுக்குக் கூப்பிடுகிறார்கள். போகிறேன். ஆனால் மைக்கை வேறு ஆளிடம் கொடுத்துவிட்டு, ஆம்ப்ளிஃபயருக்குப் பின்னால் உட்கார்ந்து மணப்பெண்ணின் முகத்தைப் பார்ப்பேன். போன மாதம் ஒரு மண்டபத்தில் மாப்பிள்ளையின் சித்தப்பா மைக்கில், "பெண் வீட்டார் தந்த கட்டிலைப் பாத்தியளா" என்று ஆரம்பித்தார். பெண் தலை குனிந்ததைப் பார்த்தேன். சத்தத்தை அப்படியே குறைத்துவிட்டேன். "மைக் வயருல ஏதோ கம்ப்ளெயிண்டு அண்ணாச்சி" என்றேன். அவர் கொஞ்ச நேரம் வாயை மட்டும் அசைத்துவிட்டு இறங்கிப் போனார். சம்பந்தம் பேச யாராவது என்னைத் துணைக்குக் கூப்பிட்டால் ஒரு நிபந்தனை வைக்கிறேன். ஒண்ணும் வேண்டாம் என்று சொன்னால் அங்கேயே நிறுத்த வேண்டும். அதற்குப் பிறகு விருப்பம் கிருப்பம் என்று ஒரு வார்த்தை வந்தால் நான் எழுந்து வந்துவிடுவேன்.

அன்பான சகோதரரே, சகோதரிகளே, வழக்கோ வியாதியோ எது வந்தாலும் ஆண்டவரிடம் போங்கள். என்னைப் போன்றவனின் ஜெபத்தையே கேட்டவர் உங்கள் ஜெபத்தைக் கேட்க மாட்டாரா? என்னை விடுவியும் என்று கேளுங்கள், விடுவிப்பார். அதோடு நிறுத்தாமல் என்னைப் பார்க்க வையும் என்றும் கேளுங்கள். அதற்கும் அவர் பதில் கொடுப்பார். ஆனால் அந்தப் பதில் வரும்போது கை தட்ட யாரும் இருக்க மாட்டார்கள். அதை நம்பி ஏற்றுக்கொள்ளுங்கள்.

அது எனக்கு எப்படி வந்தது என்று சொல்லி முடிக்கிறேன்.

கொஞ்ச நாளைக்கு முன் யேசுவடியான் வீட்டுக்குப் போனேன். லீலா எங்கள் வீட்டு வாசல் கேட்வரை வந்து, "தனியா போங்க. தமாஷு ஒண்ணும் சொல்லாதிய" என்று அனுப்பினாள். அவர் வீட்டுக்குப் பின்னால் தோப்பு இல்லை. யாரோ வாங்கி மதில் கட்டிவிட்டார்கள். காருக்கு என்று விற்கப் பேசிய தோப்பு, கடைசியில் வழக்குச் செலவுக்குப் போயிருக்கிறது. அவர் கதவைத் திறந்து, பழக்கத்தில், "வாருங்க சம்ப..." என்று ஆரம்பித்துப் பாதியில் நிறுத்திக்கொண்டார். உட்காரச் சொன்னார். நான் தோப்பைப் பற்றி ஏதோ சொல்ல வாயெடுத்தேன்.

"தோப்பு போனா போட்டும்" என்றார் அவர். "நீரு அன்னைக்கு மைக்குல சொன்னப்போ நானும் கூடக் கை தட்டினேன்லா? எனக்க பிள்ளை பாத்துக்கிட்டு நின்னா. அதுதான் எனக்கு ஆறல்ல."

அப்போது ஷைனி உள்ளேயிருந்து வந்தாள். வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள், கையில் ஹெல்மெட். நான் எழுந்து நின்றேன். முற்றத்தில் காலடி வைத்து அளந்ததைச் சொன்னேன். வெள்ளை வேண்டாம் என்று சொன்னதற்கு மன்னிப்புக் கேட்டேன். ஒன்னப் பாத்து இதைச் சொல்ல வையும் என்று ஆண்டவரிடம் ஜெபித்தேன் மக்கா என்றேன்.  வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு கூட்டத்தின் முன்னால் யாரையும் சிரிக்க வைக்காமல் பேசினேன். கூட்டம் என்றால் அவர்கள் இரண்டு பேர்தான்.

அவள் முழுவதும் கேட்டாள்.  நானும் கண்ணை எடுக்காமல் அவள் முகத்தையே பார்த்தேன். அவள் என்னை மாமா என்று கூப்பிடவில்லை. வாசல் படியில் இறங்கி, ஸ்கூட்டரின் சாவியைப் போட்டுவிட்டு, என் பக்கம் திரும்பிச் சொன்னாள்.

"கோர்ட்டு ஒங்கள விட்டாச்சுல்லா? இனி நீங்க எங்கள விடுங்க."